மேலே தம்பி, கீழே அண்ணன்

காலை 10:12.

இணையப் பக்கம் செய்துதரும் ஒரு சின்ன ஆபீஸின் முதலாளி போனுக்கு ஒரு போட்டோ வந்தது. பார்த்த மாத்திரத்தில் அவர் முகத்தில் ஈயாடவில்லை.

யாரோ ஒரு கம்ப்யூட்டர் திரையைப் போனால் படம் பிடித்து அனுப்பியிருந்தார்கள். படம் கோணல். திரையில் இருந்தது, ஒரு மூக்குக்கண்ணாடிக் கடைக்காக இந்த ஆபீஸ் ஆறு வாரம் மாங்கு மாங்கென்று உழைத்துச் செய்த இணையப் பக்கம். இன்னும் வெளியே விடவில்லை. சாயங்காலம் நாலு மணிக்குத்தான் திறப்பு. அதற்குள் பார்த்துச் சரி சொல்லுங்கள் என்று கடைக்காரர்களுக்கு மட்டும் ஒரு சோதனை முகவரி கொடுத்திருந்தார்கள்.

கடைக்கு முதலாளிகள் இரண்டு பேர், கூடப் பிறந்தவர்கள். 'எங்களைப் பற்றி' என்ற இடத்தில் இரண்டு பேர் படமும் இருந்தது. மேலே தம்பி. கீழே அண்ணன்.

இதில் என்ன குடி முழுகிப் போயிற்று என்று கேட்பவர்கள், வேலை ஒப்பந்தத்தின் மூன்றாம் ஷரத்தைப் படித்திருக்க மாட்டார்கள். 'இருவர் படமும் ஒரே அளவு. ஒரே வரிசை. ஒருவர் மேலே, ஒருவர் கீழே என்ற பேச்சே கூடாது.' இந்த மூன்று வாக்கியத்துக்காக அண்ணனும் தம்பியும் பதினோரு நாள் முறைத்துக்கொண்டார்கள். 'பேச்சு' என்று இருந்ததைப் 'பேச்சே' என்று மாற்றச் சொன்னவர் அண்ணன்.

போன் அடித்தது. அண்ணன்தான்.

"மூணாவது ஷரத்து ஞாபகம் இருக்கா?"

"இருக்கு சார். பக்கத்துல பக்கத்துலதான் சார் போட்டிருக்கோம்."

"அப்போ நான் பார்க்கறது பொய்யா? என் தலை மேல ஏறி நிக்கறான் அவன்."

"ஏதோ சின்னப் பிசகு சார், நான் உடனே..."

"பிசகு இல்ல. கைவேலை. போன வாரம் போட்டோ எடுக்க ஒரு பொண்ணு வந்துச்சே, அதுக்கு என் தம்பி கண்ணாடி குடுத்ததைக் கண்ணால பார்த்தேன். மூணு மணிக்கு அப்புறம் அந்தப் பொண்ணு உங்க ஆபீஸ்ல இருக்கக் கூடாது. இருந்தா, பக்கமும் வேண்டாம், உங்க சங்காத்தமும் வேண்டாம்."

முதலாளி போனை வைத்துவிட்டு நெற்றியைப் பிடித்துக்கொண்டார். ஏனென்றால் அந்தப் பெண் அவருடைய மச்சினி. மனைவியின் கூடப் பிறந்த தங்கை.

காலை 10:25.

ஆபீஸ் ஒரு தையல் கடையின் மாடியில் இருந்தது. நான்கு மேஜை, ஒரு பிரிண்டர், ஒரு ஜன்னல். கீழே தையல் மிஷின் ஓடினால் மேலே மேஜை நடுங்கும்.

மச்சினி வீட்டில் அவரை 'மாமா' என்பாள், ஆபீஸில் 'சார்' என்பாள். இது அவர் போட்ட சட்டம். சொந்தக்காரிக்குச் சலுகை என்று யாரும் வாயைத் திறக்கக் கூடாது என்பதற்காக, மற்றவர்கள் பத்து நிமிஷம் தாமதமாக வந்தால் கடிகாரத்தைப் பார்ப்பார். அவள் இரண்டு நிமிஷம் தாமதித்தால் அவளைப் பார்ப்பார்.

அவள் வேலை சிஎஸ்எஸ். இணையப் பக்கத்துக்குத் துணி உடுத்திவிடுகிற வேலை என்று வைத்துக்கொள்ளலாம். எந்த எழுத்து எவ்வளவு பெரிசு, எந்தப் படம் எதன் பக்கத்தில், எங்கே எவ்வளவு இடைவெளி என்று விதி விதியாக எழுதுவாள். அந்த வேலையை அவள் உயிராக நினைத்தாள். முதலாளிக்கும் அது தெரியும். தெரிந்தும் எல்லார் முன்னாலும் கேட்டார்.

"தம்பிக்காரர்கிட்ட கண்ணாடி வாங்கினியா?"

"வாங்கல சார். என் கண்ணாடிக் காம்பு உடைஞ்சு டேப் சுத்தி வச்சிருந்தேன். பார்த்துட்டு காம்பை மாத்திக் குடுத்தார்."

"சும்மாவா?"

"காசு குடுத்தேன், வேண்டாம்னுட்டார்."

"அதுதான் லஞ்சம்."

மச்சினி கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையைக் கழற்றி மேஜையில் வைத்தாள்.

"வீட்ல அக்காகிட்ட நீங்களே சொல்லிடுங்க, சார்."

மூலை மேஜையிலிருந்து ஒரு குரல் வந்தது.

"மூணு மணி வரைக்கும் டைம் இருக்கே. அதுக்குள்ள அட்டையைக் கழட்டுவானேன்?"

அது, ஆபீஸில் எல்லாரும் 'ஸ்கேல் அக்கா' என்று கூப்பிடுகிறவர்.

அக்கா இந்த ஆபீஸின் சோதனைக்காரர். மற்றவர்கள் கட்டியதை உடைத்துப் பார்ப்பதற்குத்தான் அவருக்குச் சம்பளம். முன்பு பத்து வருஷம் ஒரு துணி ஆலையில், நெய்து வருகிற துணியில் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு ஓட்டை தேடியவர். அங்கே பழகின பதினைந்து சென்டிமீட்டர் பிளாஸ்டிக் ஸ்கேல் இன்னும் அவர் கைப்பையில் இருந்தது. கண் பார்த்ததை அவர் நம்புவதில்லை. ஸ்கேல் சொன்னால்தான் நம்புவார்.

"அந்தப் போட்டோவைக் குடுங்க. அச்சு எடுக்கணும்."

பிரிண்டர் மை இல்லை என்று முரண்டு பிடித்தது. மை ஊற்றும் முறை விளக்கத் தாளைத் தேடி எடுத்தார்கள். படம் ஒன்றும் இல்லாத, எண் போட்ட வரிகள் மட்டும் நெருக்கி அடித்த தாள். அதைப் படித்து மை ஊற்றி, கையெல்லாம் நீலமாகி, போட்டோ வெளியே வர இருபது நிமிஷம் ஆயிற்று. அந்த விளக்கத் தாளைக் கசக்கி எறியப்போன முதலாளியின் கையிலிருந்து அக்கா வாங்கி மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். எதையும் எறிந்து அவருக்குப் பழக்கமில்லை.

காலை 10:55.

அக்கா அச்சுப் படத்தின் மேல் ஸ்கேலை வைத்தார். திரையின் உச்சியில் முகவரிப் பட்டையில் இருந்த எழுத்தின் உயரம் இரண்டு மில்லிமீட்டர். படத்தின் கீழே அண்ணன் பெயர் எழுதிய எழுத்து ஐந்து மில்லிமீட்டர். பிறகு தன் கம்ப்யூட்டரில் அதே பக்கத்தைத் திறந்து, திரை மேலேயே ஸ்கேலை வைத்தார். பட்டையில் நான்கு, பெயரில் ஐந்து. இங்கே அண்ணனும் தம்பியும் பக்கத்தில் பக்கத்தில் சமத்தாக இருந்தார்கள்.

இன்னொன்றும் கவனித்தார். அக்காவின் திரையில் பக்கத்தின் தலைப்பில் முகப்பு, கண்ணாடிகள், கண் பரிசோதனை, எங்களைப் பற்றி, தொடர்பு என்று ஐந்து பெயர் வரிசையாக இருந்தது. போட்டோவில் அந்த ஐந்தையும் காணோம். மூலையில் மூன்று சின்னக் கோடு மட்டும்.

எல்லாவற்றையும் நோட்டில் எழுதிக்கொண்டு, அடுத்த மேஜைக்குப் போனார். அங்கே இருந்தவன் சிக்கனம். பக்கத்துக்கு எலும்புக்கூடு கட்டுகிறவன். எது எந்த வரிசையில் வர வேண்டும் என்று அடுக்கி, மச்சினி எழுதிய விதிகளில் எது எதற்குப் பொருந்தும் என்று பெயர் ஒட்டுவது அவன் வேலை.

"கடைசியா ஃபைலை யார் தொட்டது?"

"முந்தாநாள் சாயங்காலம் ஆறு நாற்பது. அட்டையைக் கழட்டினாங்களே, அவங்கதான். ரெண்டு பேர் போட்டோவையும் வச்சாங்க. அதுக்கு முன்னாடி அங்க வெறும் சாம்பல் கட்டம்தான் இருந்துது."

"அப்புறம்?"

"யாரும் தொடல. தொட்டா பதிவாகிடும். நேத்து தம்பிக்காரர் பார்த்துட்டு சரின்னார். அண்ணன் இன்னிக்குத்தான் பார்க்கறார்."

"பூட்டின கதவு. உள்ள இருந்த அண்ணன் மட்டும் கீழ இறங்கிட்டார்."

"அதான்க்கா மண்டை காயுது. என் பக்கம் சுத்தம். முன்னூத்திப் பன்னிரண்டு வரி. இருக்கறதையே திரும்பத் திரும்ப உபயோகிச்சிருக்கேன். இதுக்குன்னு புதுசா ஒரு விதி கேட்டதில்ல."

"கேட்டதே இல்லையா?"

"எதுக்குக் கேட்கணும்? இருக்கற சட்டையைப் போட்டுக்கறது." சிக்கனம் பெருமையாகச் சொன்னான். அவனுக்கு அந்தப் பெயர் சும்மா வரவில்லை. டீ குடித்த காகிதக் கோப்பையில் பேனா வைத்திருந்தான்.

காலை 11:10.

அண்ணன் வீடியோவில் கூப்பிட்டு, அந்தப் பெண் போய்விட்டாளா என்று விசாரித்தார். பழுப்பு ஃப்ரேம் போட்டிருந்தார். இணையப் பக்கத்தில் உள்ள படத்தில் அவர் போட்டிருந்தது தடித்த கறுப்பு ஃப்ரேம். அக்கா அதையும் எழுதிக்கொண்டார்.

"நான் கடைக்குப் போய்ட்டு வரேன்" என்றார்.

மதியம் 12:05.

கடை நீளமாக, பளபளவென்று இருந்தது. இரண்டு பக்கமும் கண்ணாடி அலமாரி. எந்தப் பக்கம் திரும்பினாலும் தன் முகம்தான் தெரியும். அண்ணனுடைய அறை வாசல் பக்கம், தம்பி கண் பரிசோதிக்கும் அறை உள்ளே.

அண்ணன் இப்போது மெல்லிய தங்க நிற ஃப்ரேமில் இருந்தார்.

"தினம் ரெண்டு மூணு மாத்துவேன்" என்றார். "நான் போட்டாத்தான் ஜனம் வாங்கும்."

அக்கா தன் விசிட்டிங் கார்டை நீட்டினார். அவர் அதைப் பார்க்காமலே மேஜை இழுப்பறையில் போட்டார். தெருப் பக்கம் கையைக் காட்டினார்.

"எதிர்க்கடைக் கதவுல சீட்டு ஒட்டியிருக்கான் பாருங்க. 'பத்து நிமிடத்தில் வருவேன்'. ஒட்டி ஒரு மணி நேரமாச்சு. எல்லாரும் ஏமாத்துறாங்க."

அக்கா திரும்பிப் பார்த்தார். தெருவைத் தாண்டி எதிர்க்கடையில் ஒரு வெள்ளைச் சீட்டு இருப்பது தெரிந்தது. என்ன எழுதியிருக்கிறது என்று தெரியவில்லை. அக்கா போட்டிருப்பதும் கண்ணாடிதான்.

"உங்க கம்ப்யூட்டர்ல நான் ஒரு நிமிஷம் பார்க்கலாமா?"

"அதை யாரும் தொடக் கூடாது. என் தம்பியையே விடறதில்ல."

"தூர நின்னு பார்க்கறேன்."

தூர நின்றே பார்த்தார். கீபோர்டில் எழுத்துகள் எல்லாம் கடையிலிருந்து வந்த மேனிக்கு இருந்தன. கூட்டல் குறி மட்டும் தேய்ந்து மழுங்கியிருந்தது. பக்கத்திலேயே கழித்தல் குறி புதுக்கருக்கு அழியாமல் இருந்தது.

பிறகு அண்ணனை நிமிர்ந்து பார்த்தார். கண்ணாடிக்கு வெளியே இறங்கி வந்த கன்னத்தின் ஓரக்கோடு, கண்ணாடிக்கு உள்ளேயும் ஸ்கேல் வைத்து இழுத்தது போல நேராகப் போயிற்று. அக்கா அலமாரிக் கண்ணாடியில் தன் முகத்தை ஒருமுறை பார்த்துக்கொண்டார். அவருடைய கன்னக் கோடு கண்ணாடிக்குள் போனதும் உள்பக்கமாக ஒடிந்திருந்தது.

மதியம் 12:30.

தம்பியின் அறை சிறிது. நடுவில் கண் பரிசோதனை நாற்காலி, சுவரில் எழுத்துப் பலகை.

"அந்தப் பொண்ணுக்கு நீங்க என்ன குடுத்தீங்க?"

"ஒரு காம்பு, ஒரு திருகாணி. ஃப்ரேம் அவளோடது. ஒட்டுப் போட்ட கண்ணாடியோட ஒருத்தர் என் முன்னாடி நின்னா எனக்குக் கை சும்மா இருக்காது."

"உங்க அண்ணனுக்குக் கண்ணு எப்படி?"

தம்பி கையிலிருந்த லென்ஸைத் துடைத்தார். ஏற்கெனவே துடைத்த லென்ஸ்தான்.

"ஊருக்கே கண் பார்த்தாச்சு. அவர் மட்டும் இந்த நாற்காலில உக்காந்ததில்ல. கண்ணுல ஒரு குறையும் இல்லைன்னு அவரே சொல்வார்."

"நீங்க என்ன சொல்றீங்க?"

"அண்ணன் சொன்னா சரிதான்."

திருகாணி எப்படிப்பட்டது என்று காட்ட இழுப்பறையைத் திறந்தார். ஓரத்தில் ஒரு பழுப்பு நிறக் கண்ணாடி உறை. சட்டென்று இழுப்பறையை மூடிவிட்டார்.

அக்கா வெளியே வந்து முதலாளிக்குப் போன் செய்தார்.

"எல்லாரையும் கூட்டிக்கிட்டு ரெண்டரைக்கு இங்க வந்துடுங்க. என் லேப்டாப்பும் வரணும். அவ அட்டையும் வரணும்."

மதியம் 2:35.

அண்ணனுடைய அறையில் ஆறு பேருக்கு இடம் போதவில்லை. சிக்கனம் கதவில் ஒட்டிக்கொண்டு நின்றான். மச்சினி யாரையும் பார்க்காமல் தரையைப் பார்த்தாள். அவள் கழுத்து வெறுமையாக இருந்தது முதலாளியை உறுத்திக்கொண்டே இருந்தது.

"சார்," அக்கா அண்ணனிடம் சொன்னார், "இதை உங்ககிட்ட மட்டும் தனியா சொல்லிடறேனே. மத்தவங்க வெளிய இருக்கட்டும்."

"தேவையில்ல. எல்லார் முன்னாடியும் குட்டு உடையணும்."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

"சொல்லிட்டேன்."

அக்கா பெருமூச்சு விட்டார்.

"முதல்ல லஞ்சம். ஒரு காம்பு, ஒரு திருகாணி. இதை வாங்கிக்கிட்டு ஒரு அண்ணனைக் கீழ இறக்கற அளவுக்கு எங்க பொண்ணு மலிவு இல்ல."

மச்சினி தலையைத் தூக்கினாள்.

"அடுத்தது, யாரும் ஃபைலைத் தொடல. இந்த லேப்டாப்பைப் பாருங்க. ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துல, அண்ணன் முதல்ல, தம்பி ரெண்டாவது. இங்க முகவரிப் பட்டையில எழுத்து நாலு மில்லி, பேர் அஞ்சு; உங்க போட்டோவுல ரெண்டுக்கு அஞ்சு, அதாவது பக்கத்தை மட்டும் ரெண்டு மடங்கு பெரிசாக்கியிருக்கு. இங்க வாம்மா. கண்ட்ரோலைப் பிடிச்சுக்கிட்டு கூட்டல் குறியை அழுத்து. ஒவ்வொரு தடவையா."

மச்சினி அழுத்தினாள். எழுத்துகள் கொஞ்சம் பெரிதாயின. இன்னொரு தடவை. தலைப்பில் இருந்த ஐந்து பெயரும் ஒன்றை ஒன்று நெருக்கின. இன்னும் சில தடவை. ஐந்தும் மறைந்து மூலையில் மூன்று கோடு வந்தது. இன்னும் ஒன்று. தம்பியின் படம் இருந்த இடத்தை விட்டுக் கிளம்பி அண்ணன் தலைக்கு மேலே போய் உட்கார்ந்தது.

மச்சினிதான் முதலில் வாயைத் திறந்தாள்.

"அய்யோ. அது என்னோட தலைகீழ் மடிப்பு."

"எல்லாருக்கும் புரியற மாதிரி சொல்லு."

"ரெண்டு பேர் உக்கார்ற பெஞ்சு மாதிரி, சார். எழுத்தைப் பெரிசாக்கினா, பெஞ்சு சின்னதாயிட்டதாப் பக்கம் நினைச்சுக்கும். போன் மாதிரி ஒடுங்கின திரைன்னு முடிவு பண்ணிடும். இடம் பத்தலைன்னா ஒருத்தர் எழுந்து வேற பெஞ்சுக்குப் போகணும். சாதாரணமா ரெண்டாவது ஆள் கீழ்ப் பெஞ்சுக்குப் போவார். ஆனா கண் பரிசோதனைப் பகுதியில இடது பக்கம் எழுத்து, வலது பக்கம் படம். போன்ல படம்தான் மேல வரணும். அதனால அதுக்கு மட்டும், ரெண்டாவது ஆள் மேல் பெஞ்சுக்குப் போகணும்னு ஒரு விதி எழுதினேன். அது அண்ணன் தம்பிக்கு எழுதினது இல்ல."

"அப்போ அதை அவங்களுக்கு மாட்டிவிட்டது யாரு?"

எல்லாரும் கதவைப் பார்த்தார்கள். சிக்கனம் கதவோடு கதவாக ஆகிவிட முயன்றான்.

"இருந்துது... போட்டேன்" என்றான். "பெரிய திரையில அச்சா ஒரே மாதிரிதான்க்கா இருந்துது. எதுக்கு இன்னொரு விதின்னு..."

"கண் பரிசோதனைக்குத் தைச்ச சட்டையை எடுத்து அண்ணன் தம்பிக்குப் போட்டுட்ட. முதல் குற்றவாளி நீ. ரெண்டாவது குற்றவாளி நான்."

முதலாளி திடுக்கிட்டார். "நீங்களா?"

"போன்ல சோதிச்சது நான்தானே. அப்போ ரெண்டும் சாம்பல் கட்டம். ஒரு கட்டம் மேல, ஒரு கட்டம் கீழ. எந்தக் கட்டம் அண்ணன், எந்தக் கட்டம் தம்பின்னு கட்டத்துக்கே தெரியாது. சரின்னு எழுதிட்டேன். போட்டோ வந்த பிறகு போன்ல இன்னொரு தடவை பார்க்கல. சாயங்காலம் ஆறு நாற்பது, வீட்டுக்குப் போற அவசரம். பத்து வருஷம் ஓட்டை தேடினவ, இந்த ஓட்டையை விட்டுட்டேன்."

"அதெல்லாம் இருக்கட்டும்," அண்ணன் குரலை உயர்த்தினார். "பெரிசாக்கினாத்தானே இப்படி வரும்? நான் எதுக்குப் பெரிசாக்கப் போறேன்? தெருவுக்கு அந்தப் பக்கம் இருக்கற சீட்டைப் படிக்கற ஆளு நான்."

"படிச்சீங்க. எனக்கே தெரியல, நீங்க படிச்சீங்க. அதுல நானும் முதல்ல ஏமாந்துட்டேன்." அக்கா பையிலிருந்து ஒரு தாளை எடுத்து அவர் கையில் கொடுத்தார். "மூணாவது ஷரத்தை மட்டும் ஒருதரம் வாசிங்க. சண்டையே அதனாலதானே."

அண்ணன் தாளை வாங்கினார். நீட்டிப் பிடித்தார். கொஞ்சம் பின்னால் சாய்ந்து இன்னும் நீட்டினார். கை அதற்கு மேல் நீளவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு கணீரென்று வாசித்தார்.

"மூன்று. இருவர் படமும் ஒரே அளவு. ஒரே வரிசை. ஒருவர் மேலே, ஒருவர் கீழே என்ற பேச்சே கூடாது."

பக்கத்தில் நின்ற முதலாளி தாளை எட்டிப் பார்த்தார். பிறகு அக்காவைப் பார்த்தார். பிறகு கூரையைப் பார்த்தார்.

"சார்," அக்கா மெதுவாகச் சொன்னார், "அது பிரிண்டருக்கு மை ஊத்தற முறை."

சிக்கனத்துக்குச் சிரிப்பு வந்தது. மச்சினி அவன் காலை மிதித்தாள். வந்த சிரிப்பு அடங்கிவிட்டது.

"தூரப் பார்வை உங்களுக்கு நல்லாவே இருக்கு. கிட்டத்துலதான் தெரியல. தினம் ரெண்டு மூணு ஃப்ரேம் மாத்தறீங்க. எல்லாத்துக்கும் பவர் போட்டு வைப்பாங்களா? ஷோரூம்ல சும்மா மாட்டி வைக்கற வெறும் கண்ணாடி அது. பவர் இருந்தா கன்னத்துக் கோடு கண்ணாடிக்குள்ள ஒடிஞ்சு தெரியும். உங்களுக்கு நேரா தெரியுது. கீபோர்டுல கூட்டல் குறி தேய்ஞ்சிருக்கு, கழித்தல் குறி அப்படியே இருக்கு. கணக்குப் போடறவர் கூட்டிக்கிட்டே இருக்க மாட்டார், கழிக்கவும் வேணும். எழுத்தைப் பெரிசாக்கிக்கிட்டே போறவர்தான் கூட்டலை மட்டும் தொடுவார். மூணாவது ஆள் நீங்க, சார். ஆனா தப்பு பண்ணல. படிக்கணும்னு ஆசைப்பட்டீங்க, அவ்வளவுதான்."

அண்ணன் தாளை மேஜையில் வைத்தார். அதன் ஓரத்தைக் கையால் நீவி நீவிச் சரிசெய்தார். தம்பி பக்கம் திரும்பவில்லை.

"கண்ணாடிக் கடைக்காரன் கண்ணே மங்கிப்போச்சுன்னு தெரிஞ்சா, ஓய்வெடுங்கண்ணான்னு இவன் சொல்லுவான். அப்புறம் எனக்கு இந்த வாசல் பக்கத்து ரூம் எதுக்கு?"

தம்பி எழுந்து போனார். அவர் கோபித்துக்கொண்டு போகிறார் என்றே எல்லாரும் நினைத்தார்கள். திரும்பி வந்தபோது கையில் அந்தப் பழுப்பு உறை இருந்தது.

"ரெண்டு வருஷம் முன்னாடியே செஞ்சு வச்சேன். குடுத்தா, வயசாயிடுச்சுன்னு சொல்லிக் காட்டறான்னு நினைப்பீங்க. அதனால உள்ளயே கிடந்துது."

"என் கண்ணை நீ பார்த்ததே இல்லையேடா. பவர் எப்படித் தெரியும்?"

"வாசல்ல நின்னு பார்ப்பேன். பேப்பரை எவ்வளவு தள்ளிப் பிடிக்கறீங்கன்னு. இப்போ இன்னும் கால் பவர் கூடியிருக்கும்."

அண்ணன் தங்க ஃப்ரேமைக் கழற்றி வைத்தார். உறைக்குள் இருந்ததை எடுத்துப் போட்டுக்கொண்டார். மேஜை மேல் இருந்த தாளை எடுத்தார். இந்தத் தடவை கை நீளவில்லை.

"'மூன்று. மை சிந்தாதவாறு மூடியை இடப்புறம் திருகவும்'," என்று வாசித்தார். பிறகு நான்கையும் வாசித்தார். ஐந்தையும் வாசித்தார். யாரும் நிறுத்தவில்லை.

காம்பு ஒரு பக்கம் தூக்கலாக இருந்தது. அதைச் சரிசெய்ய தம்பி குனிந்து முகத்துக்கு நேரே வந்தார். அண்ணன் அவரை உற்றுப் பார்த்தார்.

"என்னடா இது. எப்போ நீ இவ்வளவு நரைச்ச?"

"அஞ்சு வருஷமாச்சுண்ணா."

அண்ணன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். புதுக் கண்ணாடி அல்லவா, கொஞ்சம் நீர் வரும் என்று அவராகவே ஒரு விளக்கம் சொன்னார்.

மதியம் 3:10.

மணி மூன்றைத் தாண்டிவிட்டது என்பதை முதலாளிதான் முதலில் கவனித்தார். சட்டைப் பையிலிருந்து அடையாள அட்டையை எடுத்து மச்சினியிடம் நீட்டினார்.

"காம்பு மாத்தினதை நீ சொன்னப்பவே நான் நம்பியிருக்கணும்."

"நம்பியிருக்கணும், மாமா."

ஆபீஸ் நேரத்தில் மாமா. அவர் திருத்தவில்லை.

அண்ணன் அவளைக் கூப்பிட்டார். "வாய்க்கு வந்ததைப் பேசிட்டேன்மா. மனசுல வச்சுக்காத." பிறகு, பழைய மிடுக்கு கொஞ்சம் திரும்பி, "ஆனா ஒரு சந்தேகம். கம்ப்யூட்டர் இருக்கட்டும். போன்ல பார்க்கறவங்களுக்கு யாராவது ஒருத்தர் மேல வந்துதானே ஆகணும்?"

"அண்ணனே மேல இருக்கட்டும்" என்றார் தம்பி.

"வேண்டாம். மூணாவது ஷரத்து."

இன்னொரு பதினோரு நாள் ஆரம்பமாகிறதே என்று முதலாளி நடுங்கினார். மச்சினி லேப்டாப்பைத் தன் பக்கம் இழுத்தாள்.

"யாரும் எழுந்து போக வேண்டாம் சார். இந்தப் பெஞ்சுக்குன்னு புதுசா ஒரு விதி எழுதிடறேன். மடங்கக் கூடாதுன்னு. எவ்வளவு நெருக்கினாலும் ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துலயே இருப்பீங்க. இடம் பத்தலைன்னா ரெண்டு பேரும் சேர்ந்து சின்னதாயிடுவீங்க."

"புதுசாவா?" என்று கதவோரமிருந்து ஈனக் குரல் கேட்டது. "நான் ஒரு வரி மாத்தணுமே."

"மாத்து" என்றார் அக்கா.

சிக்கனம் மாற்றினான். புதுப் பெயருக்கு ஒரு வரி தனியாகத் தேவைப்பட்டது. முன்னூற்றுப் பதின்மூன்று. அன்று அறையில் மனம் உடைந்துபோன ஒரே ஆள் அவன்தான்.

அக்கா இந்தத் தடவை நிஜப் படங்களோடு நான்கு போனில் பார்த்தார். ஒவ்வொன்றிலும் ஸ்கேல் வைத்து அளந்தார். அண்ணன் பதினெட்டு மில்லிமீட்டர், தம்பி பதினெட்டு.

சாயங்காலம் 4:00.

"அந்தப் பொண்ணே அழுத்தட்டும்" என்றார் அண்ணன்.

மச்சினி அழுத்தினாள். பக்கம் வெளியே போயிற்று.

அண்ணன் தன் போனை எடுத்தார். இரண்டு வருஷமாகப் பேசவும் படம் பிடிக்கவும் மட்டுமே வைத்திருந்த, எதையும் படிக்க எடுக்காத போன். பக்கத்தைத் தேடிப் பிடித்து, விரலால் தள்ளித் தள்ளிக் கீழே வந்து, தங்கள் படத்தில் நிறுத்தினார். வெகுநேரம் பார்த்தார். தம்பி அவர் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார்.

"ரொம்பச் சின்னதா இருக்கேன்டா."

"ரெண்டு பேரும்தானேண்ணா" என்றார் தம்பி.